வாசகர் கேள்வி – பதில்: செங்கற்சுவரும் ஒரு செதுக்கு வாசலும்

கேள்வி: ஜார்ஜியன் பாணி என்று போற்றப்படும் பழைய செங்கல் வீடுகளைப் படத்தில் பார்த்தால், வரிசையாகச் சாளரங்கள் வைத்த வெறும் சுவர்தான் தெரிகிறது. அவற்றில் அப்படி என்ன சிறப்பு? ஒரு வீட்டைச் சான்றாகக் காட்டி விளக்க முடியுமா?

பதில்: ஜார்ஜ் என்ற பெயருடைய நான்கு மன்னர்கள் பிரிட்டனை அடுத்தடுத்து ஆண்ட 1714 முதல் 1830 வரையிலான காலத்தில், அந்நாட்டிலும் அதன் குடியேற்றங்களிலும் பரவிய பாணி இது. அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத் தலைநகரான அன்னாபொலிஸில் 1774-இல் கட்டத் தொடங்கிய ஹேமண்ட்-ஹார்வுட் இல்லத்தைப் பார்ப்போம். நடுவில் இரண்டு தளங்கள் கொண்ட பெரிய கட்டடம், இருபுறமும் தாழ்வான இணைப்புப் பகுதிகள், அவற்றின் முனைகளில் தெருப்பக்கம் எண்கோணத்தின் பாதியைப் போலப் புடைத்து நிற்கும் இரு சிறகுகள் என ஐந்து உறுப்புகளாக அது அமைந்துள்ளது. நடுவே ஒரு கோடு வரைந்தால் இடப்பக்கமும் வலப்பக்கமும் ஒன்றுக்கொன்று ஈடாக நிற்கும். இத்தாலியக் கட்டடக் கலைஞர் பல்லாடியோ, அந்நாட்டின் மொன்டஞானா நகரில் எழுப்பிய பிசானி மாளிகையின் வரைபடம் 1570-இல் அவர் வெளியிட்ட நூலில் உள்ளது. இந்த வீட்டின் அமைப்புக்கு அதுவே முன்மாதிரி என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள்.

நீங்கள் வெறுமை என்று கண்டதைத்தான் நான் இந்த வீட்டின் பலமாகக் கருதுகிறேன். செங்கற்சுவரில் வேலைப்பாடு ஏதும் இல்லாததால், பார்வை தானாகவே தலைவாசலுக்குச் செல்கிறது. அங்கே உச்சியில் சுருள் வடிவம் கொண்ட அயோனியத் தூண்கள் (பழங்கிரேக்கப் பாணி), விசிறி வடிவ மேற்சாளரம், மரத்தில் செதுக்கிய ரோஜாச் சரங்கள் என அலங்காரம் முழுவதும் ஓரிடத்தில் குவிந்திருக்கிறது. சுவர் முழுவதும் பூவேலை செய்திருந்தால் இந்த வாசல் அதற்குள் மறைந்து போயிருக்கும். உள்ளேயும் சமச்சீர் கைவிடப்படவில்லை: உணவறையிலிருந்து தோட்டத்துக்குச் செல்லும் கதவு, அறையின் சாளர வரிசை குலையாதபடி, உட்புறத்தில் இன்னொரு சாளரம் போலவே செய்யப்பட்டிருக்கிறது.

இதை வடிவமைத்த வில்லியம் பக்லண்ட், ஆக்ஸ்போர்டில் பிறந்து லண்டனில் தச்சுத்தொழில் பயின்றவர். 1755-இல் நான்காண்டு ஒப்பந்த ஊழியராக வர்ஜீனியாவுக்குக் கப்பலேறியவர். மரவேலையின் மேன்மைக்கு இந்தப் பின்னணியே காரணம் என்பது என் எண்ணம். வீடு முடிவதற்குள், 1774-இலேயே அவர் இறந்துவிட்டார். ஓவியர் சார்லஸ் வில்சன் பீல் வரைந்த அவருடைய உருவப்படத்தில், மேசைமேல் இந்த வீட்டின் வரைபடம்தான் இருக்கிறது.

கேள்வி: அந்த வீட்டுக்கு இரண்டு பெயர்கள் ஏன்?

பதில்: கட்டச் சொன்னவர் மத்தாயஸ் ஹேமண்ட் என்ற புகையிலைத் தோட்ட உரிமையாளர். அடிமைப்படுத்தப்பட்டவர்களின் உழைப்பில் விளைந்த செல்வம் அது என்பதையும் இவ்வீட்டின் வரலாற்றோடு சேர்த்தே சொல்ல வேண்டும். அவர் இங்கே குடியிருந்ததாகத் தெரியவில்லை. பின்னர் திருமண உறவின் வழியாக வீடு ஹார்வுட் குடும்பத்தின் வசமானது. அக்குடும்பத்தில் கடைசியாக இங்கு வாழ்ந்த ஹெஸ்டர் ஆன் ஹார்வுட் 1924-இல் மறைந்தார். இப்போது வீடு அருங்காட்சியகமாக இருக்கிறது.