வங்கி சம்மன், ஏலம், பழைய கடன்: கேளுங்கள், சொல்கிறேன்

வங்கிகளுக்காகக் கடன் வழக்கு நடத்தும் கோலாலம்பூர் வழக்கறிஞர் அலுவலகம் ஒன்றில் கிராணியாக இருந்தவள் நான். லோயர் இல்லை, ஆனால் அந்த மேசையில் என்ன நடக்கும் என்று தெரியும்.

செந்தூல்: அக்கா, 38,000 ரிங்கிட் தனிநபர் கடனுக்கு மஜிஸ்திரேட் நீதிமன்ற சம்மன் வந்தது. வங்கி லோயருக்குப் போன் போட்டு மாதம் 500 கட்டுகிறேன் என்றேன், பார்க்கலாம் என்றார். இனி நீதிமன்றம் போக வேண்டாம்தானே?

இங்கேதான் தம்பி நிறைய பேர் மாட்டுகிறார்கள். நீங்கள் பேசிக்கொண்டிருப்பதால் கெடு நிற்காது. சம்மன் கைக்கு வந்து 14 நாளுக்குள் ஆஜராவதாக நீதிமன்றத்தில் பதிய வேண்டும். பதியவில்லை என்றால் நீங்கள் இல்லாமலேயே தீர்ப்பு வாங்கிவிடுவார்கள், அந்த லோயர் போனில் எவ்வளவு தன்மையாகப் பேசியிருந்தாலும் சரி. முதலில் பதியுங்கள், பிறகு பேரம் பேசுங்கள். பதிந்தவரிடம் பேசும்போது அவர்கள் குரலே வேறு மாதிரி இருக்கும். கையில் மொத்தமாகக் கொஞ்சம் பணம் இருந்தால் வட்டியில் தள்ளுபடி கேளுங்கள், தவணைக்கு அந்த அளவு இறங்கி வர மாட்டார்கள். ஒத்துக்கொண்டால் கடிதமாக வாங்குங்கள்: இது முழு இறுதித் தீர்வு, வழக்குச் செலவும் இதில் அடக்கம், வழக்கை வாபஸ் வாங்குவோம், இந்த மூன்றும் அதில் இருக்க வேண்டும். வசூல்காரரின் சொந்தக் கணக்கில் பத்து காசுகூடப் போடாதீர்கள்.

ஆயர் ஈத்தாம்: எனக்குத் தெரியாமலே தீர்ப்பு வந்துவிட்டது. சம்மன் பழைய வீட்டு முகவரிக்குப் போயிருக்கிறது.

தீர்ப்பு கைக்கு வந்து 30 நாளுக்குள் ரத்து செய்யக் கேட்டு மனுப் போடுங்கள். சம்மன் முறையாகச் சேரவில்லை என்று காட்டினால் உங்கள் கை ஓங்கும். முறைப்படி சேர்ந்திருந்தால் வாதாட உருப்படியான காரணம் வேண்டும், பணம் இல்லை என்பது காரணம் ஆகாது. வங்கிக்கு முகவரி மாற்றம் சொன்னீர்களா என்றுதான் முதல் கேள்வி வரும், அதற்குப் பதிலைத் தயாராக வையுங்கள்.

பிரிக்பீல்ட்ஸ்: பத்து வருஷத்துக்கு முந்தைய கடன் அட்டை பாக்கி. 50 ரிங்கிட் கட்டுங்கள், பைலை மூடிவிடுகிறோம் என்கிறார்கள்.

கட்டாதீர்கள், முதலில் விசாரியுங்கள். 1953 காலவரம்புச் சட்டப்படி ஒப்பந்தக் கடனுக்கு 6 வருஷத்துக்குள் வழக்குப் போட வேண்டும், ஆனால் நீங்கள் கொஞ்சம் கட்டினாலோ கடனை எழுத்தில் ஒத்துக்கொண்டாலோ அந்த 6 வருஷக் கணக்கு புதிதாக ஆரம்பிக்கும். அந்த 50 எதற்கு என்று இப்போது புரிகிறதா? ஏற்கெனவே தீர்ப்பு வாங்கியிருந்தால் கதை வேறு, அதற்கு 12 வருஷம்.

பட்டர்வொர்த்: தம்பி வீட்டுக் கடனுக்கு நான் ஜாமீன். என்னைத் திவாலாக்குவார்களா?

அவர் குடியிருக்கும் வீடு, நீங்கள் லாபம் பார்க்காமல் கையெழுத்துப் போட்டீர்கள் என்றால் திவால் சட்டத்தின் 2017 திருத்தத்துக்குப் பிறகு முடியாது. வழக்குப் போட மட்டும் முடியும், அதை மறக்காதீர்கள். மற்றவர்களுக்கும் திவால் வழக்குக்கு இப்போது குறைந்தது 100,000 ரிங்கிட் கடன் இருக்க வேண்டும். அப்புறம், இபிஎப் (ஊழியர் சேமநிதி) பணத்தைக் கடன்காரர் ஜப்தி செய்ய முடியாது.

செராஸ்: இரண்டு மாதம் கட்டவில்லை, காரை இழுத்துவிடுவார்களா?

தொடர்ந்து இரண்டு தவணை தவறினால் 21 நாள் நோட்டீஸ் கொடுத்துவிட்டு இழுக்கலாம். ரொக்க விலையில் 75 விழுக்காட்டுக்கு மேல் கட்டியிருந்தால் நீதிமன்ற உத்தரவு வேண்டும். அது இல்லாமல் வந்தால் சாவியைக் கொடுக்காதீர்கள்.

ஜெலுத்தோங்: வீடு அடுத்த மாதம் ஏலம். இனி வழியே இல்லையா?

நிலப் பட்டாவில் வங்கியின் அடமானம் பதிவாகி, நீதிமன்ற உத்தரவோடு வரும் ஏலம் என்றால், ஏலம் முடியும் வரை பாக்கியைக் கட்டி நிறுத்தலாம். ஸ்ட்ராட்டா பட்டா (ஒவ்வொரு வீட்டுக்கும் தனிப் பட்டா) இன்னும் வராத அடுக்குமாடிக்கு விதி வேறு, ஒப்பந்தத்தை எடுத்துக்கொண்டு நாளைக்கே லோயரிடம் போங்கள். சம்பளம் வந்துகொண்டிருக்கிறது, பல வங்கிகளுக்குப் பாக்கி என்றால் பேங்க் நெகாரா 2006-ல் தொடங்கிய ஏகேபிகே என்ற கடன் ஆலோசனை நிறுவனம் இலவசமாகத் தவணையைச் சீரமைத்துத் தரும், ஆனால் அங்கே வழக்கு வருவதற்கு முன்னாலேயே போவது நல்லது.