வெங்காய வளையம் ஏன் சட்டையைக் கழற்றுகிறது? கேள்விகளும் பதில்களும்

சிங்கப்பூர் உணவங்காடி நிலையத்தில் இருபது ஆண்டுகளுக்கு மேல் வடையும் பஜ்ஜியும் போட்டு விற்றவள் நான். கடையை விட்ட பிறகு பேரப்பிள்ளைகளின் நச்சரிப்பு தாங்காமல், 'ஆனியன் ரிங்' என்கிறார்களே, அந்த வெங்காய வளையத்தில் கை வைத்தேன். பஜ்ஜி போட்ட கைக்கு இது என்ன பெரிய வேலை என்ற திமிர் இருந்தது. முதல் ஈடு அதை அடக்கிவிட்டது. மாவு ஒரு பக்கம், வெங்காயம் ஒரு பக்கம் என்று எண்ணெயில் தனித்தனியாக மிதந்தன. அதன் பிறகு எத்தனை கிலோ வெங்காயம் நறுக்கினேன் என்று கணக்கில்லை. வாசகர்களிடமிருந்து வந்த கேள்விகளில் ஒன்றுபோல் இருந்தவற்றைச் சேர்த்துப் பதில் எழுதியிருக்கிறேன்.

பொங்கோலிலிருந்து ஒரு புதுமணப் பெண்: அக்கா, வளையத்தைக் கடித்தால் உள்ளே இருக்கும் வெங்காயம் முழுவதும் நூல் போல இழுத்துக்கொண்டு வந்துவிடுகிறது. கையில் வெறும் கூடுதான் மிஞ்சுகிறது. கணவர் சிரிக்கிறார்.

அவரையே ஒரு முறை செய்யச் சொல்லுங்கள், சிரிப்பு நின்றுவிடும்.

குற்றவாளி ஒரு சவ்வு. வெங்காயத்தை வட்டமாக நறுக்கி வளையங்களைப் பிரித்ததும் ஒன்றை எடுத்து உட்பக்கத்தைப் பாருங்கள். கண்ணாடித் தாள் போல மெல்லிய தோல் ஒன்று ஒட்டியிருக்கும். விளிம்பில் நகத்தால் நெருடினால் ஒரு முனை எழும்பும். அதைப் பிடித்து மெதுவாகச் சுற்றி இழுத்தால் முழு வட்டமாக உரிந்து வரும். அந்தத் தோல் வழவழப்பானது. அதன்மேல் மாவு பிடிப்பதில்லை. கடிக்கும்போது பல்லுக்கு அறுபடாமல் வெங்காயத்தையே வெளியே இழுப்பதும் அதுதான். எல்லா வளையத்திலும் எளிதாக வராது; பனிக்கட்டி போட்ட தண்ணீரில் அரை மணி நேரம் ஊறவைத்தால் ஓரளவு இளகிக் கொடுக்கும். காட்டமும் குறையும்.

அடுத்த குற்றவாளி ஈரம். ஊறிய வளையத்தைத் துணியில் ஒற்றி எடுங்கள். பிறகு வெறும் மாவில் புரட்டி, அதிகப்படியை உதறிவிட்டு, அதன்பின் கரைசலில் முக்குங்கள். பஜ்ஜிக்கு நாம் இந்த உலர்மாவுப் பூச்சைச் செய்வதில்லை. நான் முதல் ஈட்டில் கோட்டை விட்டது இங்கேதான்.

இன்னொன்று, வெங்காயத்தின்மேல் நேரடியாக உப்புத் தூவாதீர்கள். உப்புப் பட்டதும் அது அழத் தொடங்கிவிடும். உப்பு கரைசலில் இருக்கட்டும்.

உட்லண்ட்ஸ், தேசிய சேவையிலிருந்து வார விடுப்பில் வரும் தம்பி: அளவு மட்டும் சொல்லுங்கள் ஆன்ட்டி.

இரண்டு பெரிய வெங்காயம், சுமார் 400 கிராம். ஒரு சென்டிமீட்டர் கனத்தில் நறுக்க வேண்டும். மைதா 100 கிராம், அரிசி மாவு 50, சோள மாவு 25. பேக்கிங் பவுடர் ஒரு தேக்கரண்டி, உப்பு முக்கால், மிளகாய்த்தூள் ஒன்றரை, மிளகுத்தூள் அரை. ஓமம் ஒரு சிட்டிகை, உள்ளங்கையில் வைத்துக் கசக்கிப் போடவும். ஐஸ் போல் குளிர்ந்த சோடா 180 மில்லியில் தொடங்கி, தேவைப்பட்டால் சிறிது சேர்க்கலாம். தோசை மாவைவிடக் கெட்டி, இட்லி மாவைவிடச் சற்று இளக்கம்: அதுதான் பதம். வளையத்தைத் தூக்கினால் மாவு போர்வையாக ஒட்டியிருந்து, ஓரத்தில் மட்டும் சொட்ட வேண்டும். புரட்டுவதற்குத் தனியாக அரைக் கோப்பை மைதா எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

கரைசலை அடித்துக் கலக்காதீர்கள், தம்பி. மைதாவில் பசைத்தன்மை உண்டு. கலக்கக் கலக்க அது இழுவையாகி, பொரித்தால் ரப்பர் போல் ஆகிவிடும். ஓரிரு கட்டிகள் கிடந்தால் குடி முழுகிப்போகாது. அரிசி மாவிலும் சோள மாவிலும் அந்தப் பசை இல்லை. அவற்றைச் சேர்ப்பதே அதற்காகத்தான்.

ஜூரோங் வெஸ்ட்: சோடா இல்லை, வீட்டில் 100 பிளஸ் பானம் இருக்கிறது. ஊற்றலாமா?

வேண்டாம். அதில் சர்க்கரை இருக்கிறது. வெங்காயம் வேகும் முன்பே மேல்மாவு கறுத்துவிடும். வெறும் குளிர்ந்த தண்ணீரே மேல்.

தோ பாயோ: எந்த வெங்காயம் வாங்குவது? தேக்கா சந்தையில் நான்கைந்து வகை குவித்து வைத்திருக்கிறார்கள்.

இந்தியாவிலிருந்து வரும் சிவப்புப் பெரிய வெங்காயம் காட்டமானது. குழம்புக்கும் பக்கோடாவுக்கும் அதை அடிக்க ஆளில்லை. வளையத்துக்கு எனக்குப் பிடித்தது மஞ்சள் தோல் ஹாலந்து வெங்காயம். இதழ் தடிமன், வெந்தால் இனிப்பு. 2023 டிசம்பரில் இந்தியா வெங்காய ஏற்றுமதியை நிறுத்தி அடுத்த மே மாதம்தான் தடையை நீக்கியது அல்லவா, அந்த மாதங்களில் வேறு வழியில்லாமல் ஹாலந்துக்கு மாறினேன். குழம்புக்குத் திரும்பிவிட்டேன், வளையத்துக்குத் திரும்பவில்லை.

அமுக்கிப் பார்த்து வாங்குங்கள். கழுத்துப் பகுதி மெத்தென்று இருந்தால் உள்ளே அழுகல். கண் எரியாமல் நறுக்க வேண்டுமென்று இன்னும் இருவர் கேட்டிருந்தார்கள்: அரை மணி நேரம் குளிர்பதனப் பெட்டியில் வைத்துவிட்டு, கூரான கத்தியால் நறுக்குங்கள்.

பிடோக், ஒரு காரப் பிரியர்: எவ்வளவு மிளகாய்த்தூள் போட்டாலும் காரமே தெரிவதில்லை. இன்னும் போட்டால் மாவு கசக்கிறது.

மிளகாயை ஒரே இடத்தில் கொட்டுகிறீர்கள். நான் மூன்று இடத்தில் போடுகிறேன்.

முதலில், வளையத்தைப் புரட்டும் உலர்மாவில். அது கரைசலுக்கு அடியில் ஒளிந்திருப்பதால் கருகாது. கடித்த பிறகு தாமதமாக வந்து நாக்கைப் பிடிக்கும். பிறகு கரைசலில், நிறத்துக்கு மட்டும். காஷ்மீரி மிளகாய்த்தூள் என்றால் சிவப்பு அழகாக வரும். கடைசியாக, எண்ணெயிலிருந்து எடுத்த அடுத்த நொடி மேலே தூவுவது. மிளகாய்த்தூள், உப்பு, வறுத்துப் பொடித்த சீரகம், மாங்காய்த்தூள் எல்லாம் கலந்து ஒரு சிறு கிண்ணத்தில் தயாராக வைத்திருங்கள். சூடாக இருக்கும்போதுதான் பொடி ஒட்டும். அரை நிமிடம் தாமதித்தாலும் தட்டில்தான் கிடக்கும்.

உங்கள் மாவு கசப்பதற்குக் காரணம் கருகல். மிளகாய்த்தூள் சூட்டைத் தாங்காது. அத்துடன், காரம் எண்ணெயில் கரையும் சரக்கு. கரைசலில் போட்டதில் ஒரு பங்கு வாணலிக்கே போய்விடும்.

அரைத்த மிளகாய் விழுதைச் சேர்க்கலாமா என்று ஈசூனிலிருந்து ஒருவர் கேட்டார். சேர்க்கலாம், ஆனால் அது தண்ணீரையும் கூட்டிக்கொண்டு வரும். அந்த அளவுக்குச் சோடாவைக் குறையுங்கள். என்னைக் கேட்டால் அந்த விழுதைச் சம்பலாக வதக்கித் தொட்டுக்கொள்வதுதான் அதற்கு மரியாதை.

செங்காங்: வெப்பமானி இல்லை. எண்ணெய் சரியான சூட்டில் இருப்பதை எப்படி அறிவது?

வேண்டியது 175 முதல் 180 டிகிரி செல்சியஸ். ஒரு சொட்டு மாவை விடுங்கள். அடியில் போய்ப் படுத்துக்கொண்டால் சூடு போதாது. பாதி ஆழம் போய் உடனே துள்ளி மேலே வந்தால் சரி. விழுந்ததும் நிறம் மாறினால் அடுப்பைக் குறையுங்கள்.

ஆனால் கடையில் நான் கண்ணைவிடக் காதைத்தான் நம்பினேன். வளையம் விழுந்ததும் பெருமழை போல 'சோ' என்று இரைச்சல் வரும். வெங்காயத்திலும் மாவிலும் இருக்கும் தண்ணீர் ஆவியாகி ஓடும் சத்தம் அது. இரண்டு நிமிடத்தில் அந்த மழை தூறலாகும்; குமிழிகள் சிறுத்து, சத்தம் மெலிந்து, சுள்ளி முறிவது போல் சடசடக்கும். அப்போது எடுங்கள். இரைச்சல் இருக்கும்போதே எடுத்தால் நிறம் எவ்வளவு அழகாக இருந்தாலும் தட்டுக்கு வந்த மூன்றாம் நிமிடம் நமத்துவிடும்.

ஆவி வெளியே தள்ளிக்கொண்டிருக்கும்வரை எண்ணெய் உள்ளே புக முடியாது. எடுத்த பிறகு, ஆறும் நேரத்தில்தான் மேலே ஒட்டியிருக்கும் எண்ணெயை மாவு உறிஞ்சிக்கொள்கிறது. ஆகவே ஜல்லிக்கரண்டியில் எடுத்ததும் வாணலிக்கு மேலேயே இரண்டு உதறு உதறுங்கள். கம்பித் தட்டில் நிறுத்துங்கள். டிஷ்யூ தாளில் குவித்தால் அடியில் இருப்பவை தங்கள் ஆவியிலேயே வேகும். ஒரு ஈட்டுக்கு ஐந்து வளையத்துக்கு மேல் போடாதீர்கள், சூடு இறங்கிவிடும்.

அங் மோ கியோ: பேரங்காடியில் கிடைக்கும் தானாக உப்பும் (self-raising) மாவைப் பயன்படுத்தலாமா?

பயன்படுத்தலாம். அதிலேயே பேக்கிங் பவுடர் இருக்கிறது, தனியாகப் போட வேண்டாம். பலர் இரண்டையும் போட்டுவிட்டு, வளையம் போண்டாவாக ஊதிவிட்டது என்று எழுதுகிறார்கள்.

தெம்பனிஸ்: கோரேங் பீசாங் கடையில் வாழைப்பழப் பொரியல் மணிக்கணக்கில் மொறுமொறுப்பாக இருக்கிறது. அவர்கள் என்னதான் போடுகிறார்கள்?

நல்ல கேள்வி. என் கடைக்கு இரண்டு கடை தள்ளி ஒரு மலாய் மக்சிக் (அத்தை) கோரேங் பீசாங் போட்டுக்கொண்டிருந்தார். நான் வடையும் அவர் பழமும் மாற்றிக்கொள்வோம். பல ஆண்டுப் பழக்கத்துக்குப் பிறகு ஒரு நாள் ஒரு சிறு டப்பாவைத் திறந்து காட்டினார். சுண்ணாம்பு! நம் பாட்டிமார் வெற்றிலையில் தடவுகிறார்களே, அதே சுண்ணாம்பு. அரிசி மாவுக் கரைசலில் அதைத் துளி சேர்ப்பது மலாய்ச் சமையலில் பழைய வழக்கம்.

சிராங்கூன் சாலையில் வெற்றிலை விற்கும் கடைகளில் கிடைக்கும். உண்ணும் சுண்ணாம்பா என்று கேட்டு வாங்குங்கள். சுண்டைக்காய் அளவு எடுத்து அரைக் கோப்பைத் தண்ணீரில் கரைத்து, பத்து நிமிடம் தெளியவிட்டு, மேலே நிற்கும் தெளிந்த நீரை மட்டும் கரைசலில் ஊற்றுங்கள். அந்த அளவுக்குச் சோடாவைக் குறைக்க வேண்டும். மேலோடு கண்ணாடி போல் முறியும், நிறமும் சீக்கிரம் ஏறும். அதிகமானால் கசக்கும், நாக்கு வெந்துபோகும். சுண்ணாம்பு சேர்த்தால் பேக்கிங் பவுடர் வேண்டாம். அதில் இருக்கும் புளிப்புப் பொருளைச் சுண்ணாம்பு முறித்துவிடும். பிறகு இரண்டுமே வேலை செய்யாது.

சுவா சூ காங்: எண்ணெயே இல்லாமல் ஏர் ஃபிரையரில் செய்ய முடியுமா?

இந்தக் கரைசலோடு முடியாது. கூடையின் ஓட்டைகள் வழியே ஒழுகி அடியில் அப்பிக்கொள்ளும். கரைசலைக் கெட்டியாக்கி, வளையத்தை முக்கி, ரொட்டித் தூளில் புரட்டி, எண்ணெய் தெளித்து, 200 டிகிரியில் பத்து நிமிடம் வைத்து நடுவில் திருப்பிப் போடுங்கள். நன்றாகத்தான் இருக்கும். ஆனால் அது வேறு பலகாரம். இரண்டையும் ஒன்றென்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

புக்கிட் பாஞ்சாங்: தீபாவளிக்கு நாற்பது பேர் வருகிறார்கள். காலையில் பொரித்து மாலையில் பரிமாறலாமா?

இங்கே ஆண்டுச் சராசரி ஈரப்பதம் 80 விழுக்காட்டுக்கு மேல். மேசையில் வைத்த பொரிகடலையே அரை மணியில் நமத்துவிடுகிறது! முழுவதும் பொரித்து டப்பாவில் மூடி வைத்தால் மாலையில் ஈரத் துணிதான் கிடைக்கும். காலையில் லேசாக நிறம் மாறும்வரை மட்டும் பொரித்து, ஆறவிட்டு, ஒன்றோடொன்று ஒட்டாமல் தட்டில் பரப்பி உறைபெட்டியில் வையுங்கள். விருந்தினர் வந்ததும் 190 டிகிரி எண்ணெயில் ஒரு நிமிடம். இரண்டாவது பொரிப்பில் மொறுமொறுப்பு முன்பைவிடக் கூடும்.

பள்ளிக்குப் பிள்ளையின் உணவுப் பெட்டியில் வைக்கலாமா என்று கேட்ட தாய்க்கும் இதே பதில்: வேண்டாம் அம்மா.

பெயர் சொல்ல விரும்பாதவர்: வீடெங்கும் புகை, அலாரம் அலறி, பக்கத்து வீட்டுக்காரர் கதவைத் தட்டிவிட்டார்.

என் மகள் வீட்டிலும் நடந்தது. 2018 ஜூன் முதல் புதிய வீடுகளில் தீ எச்சரிக்கைக் கருவி கட்டாயம். அது என் பலகாரத்தை மதிக்கவில்லை. புகை வந்தால் எண்ணெய் அளவுக்கு மேல் சூடேறிவிட்டது என்று பொருள். வாணலியில் பாதிக்கு மேல் எண்ணெய் ஊற்றாதீர்கள். சுத்திகரித்த சூரியகாந்தி எண்ணெயோ கடலை எண்ணெயோ போதும், நல்லெண்ணெய் இதற்கு ஆகாது. தீப்பற்றினால் அடுப்பை அணைத்து மூடியால் மூடுங்கள். எந்தக் காரணத்துக்காகவும் தண்ணீர் ஊற்றக்கூடாது, தீப்பிழம்பு கூரையைத் தொட்டுவிடும்.

மிஞ்சிய எண்ணெயை ஆறவைத்து வடிகட்டினால் இன்னொரு முறை பயன்படுத்தலாம். நுரைத்தாலோ கறுத்தாலோ போதும். பழைய புட்டியில் ஊற்றி மூடிக் குப்பையில் போடுங்கள். கழுவுதொட்டியில் ஊற்றினால் குழாய் அடைத்து, குழாய்க்காரருக்குத் தரும் வெள்ளியில் ஒரு மூட்டை வெங்காயம் வாங்கியிருக்கலாம்.

ஈசூன்: நடுவில் மிஞ்சும் சிறு வளையங்களையும் கிண்ணத்தில் மிஞ்சும் கரைசலையும் என்ன செய்வது?

சிறு வளையங்களைப் பொடியாக நறுக்கி அந்தக் கரைசலிலேயே போடுங்கள். இரண்டு பச்சை மிளகாய், ஒரு கொத்துக் கறிவேப்பிலை, இறுகும்வரை கடலை மாவு சேர்த்துப் பிசைந்து கிள்ளிக் கிள்ளிப் போடுங்கள். என் வீட்டில் வளையத்தைப் பேரப்பிள்ளைகள் எடுத்துக்கொள்கிறார்கள். அந்தப் பக்கோடாவை என் கணவர் அடுப்படியிலேயே நின்று தின்றுவிடுவதால், அது இதுவரை மேசைக்கு வந்ததில்லை.