ஒரு சொல்லுக்காக நாலு நாள்: அது வீண் நேரமா?

"என் மகள் மருத்துவ நுழைவுத் தேர்வில் இரண்டு முறை தவறிவிட்டாள். மூன்றாவது முறைக்குப் பயிற்சி மையத்தில் சேர்க்க அவள் அப்பா கடனுக்கு ஏற்பாடு செய்துகொண்டிருக்கிறார். இவளோ வேதியியல் புத்தகத்தில் ஒரே ஒரு சொல்லுக்கு அர்த்தம் தேடி நாலு நாளாக உட்கார்ந்திருக்கிறாள். நீங்கள்தான் புத்தி சொல்ல வேண்டும்" என்று ஒரு தாய் எழுதியிருந்தார். மகள் எப்படி நேரத்தைக் கெடுக்கிறாள் என்பதற்குச் சாட்சியாக அவளுடைய நோட்டுப் பக்கம் ஒன்றையும் படமெடுத்து அனுப்பியிருந்தார்.

அம்மா, இரண்டு முறை தவறியதால் உலகம் முடிந்துவிடாது. ஆறுதல் இவ்வளவுதான். அந்தப் பக்கத்தைப் பார்த்த பிறகு உங்கள் மகளுக்குச் சொல்ல என்னிடம் புத்தி எதுவும் இல்லை. உங்களுக்கும் அவள் அப்பாவுக்கும்தான் சொல்ல இருக்கிறது.

அவள் தேடிய சொல் 'மொயட்டி'. எஸ்டரில் (அமிலமும் ஆல்கஹாலும் சேர்ந்து உருவாகும் சேர்மம்) 'ஆல்கஹால் மொயட்டி' என்று ஒரு பக்கத்தில் இருக்கிறது, இன்னொரு பக்கத்தில் 'ஹைட்ராக்சில் மொயட்டி' என்று இருக்கிறது, ஹைட்ராக்சில் (ஓர் ஆக்சிஜனும் ஒரு ஹைட்ரஜனும்) என்பது வினைச்செயல் தொகுதிதானே, அப்படியென்றால் இரண்டும் ஒன்றா என்று கேட்டு எழுதியிருக்கிறாள். 'இரண்டும் ஒன்றுதான், மேலே படி' என்று யாரோ சொன்ன பதிலையும் எழுதி, பக்கத்திலேயே ஒரு கேள்விக்குறி போட்டிருக்கிறாள். அந்தக் கேள்விக்குறிதான் எனக்குப் பிடித்தது.

இரண்டும் ஒன்றல்ல. ஒரு மூலக்கூறு எந்த மாதிரி வினைகளில் ஈடுபடும் என்பதைக் காட்டுவது வினைச்செயல் தொகுதி. மொயட்டி என்பது மூலக்கூறின் ஒரு பங்கு. பாதி, பங்கு என்று பொருள்படும் பழைய பிரெஞ்சுச் சொல் அது. சொத்தில் பாதியைக் குறிக்க ஆங்கிலச் சட்டத்தில் வழங்கி, பிறகு வேதியியலுக்குள் வந்தது. ஆஸ்பிரினை எடுத்துக்கொள்ளுங்கள். அதில் கார்பாக்சிலிக் அமிலம், எஸ்டர் என்று இரண்டு வினைச்செயல் தொகுதிகள். ஆனால் அதை சாலிசிலிக் அமிலப் பங்கு, அசிட்டைல் பங்கு என்றும் பிரித்துப் பார்க்கலாம். உடலுக்குள் போனதும் ஆஸ்பிரின் தன் அசிட்டைல் பங்கை சைக்ளோஆக்சிஜனேஸ் என்ற நொதியில் உள்ள செரின் என்ற ஓர் அமினோ அமிலத்தின் மீது ஏற்றிவிடுகிறது. நொதி நிரந்தரமாக முடங்குகிறது. 'எந்தப் பங்கு எங்கே போனது' என்று பேசும்போதுதான் மொயட்டி என்ற சொல் தேவைப்படுகிறது. வேதிப் பெயர்களுக்கு விதி வகுக்கும் ஐயூபேக் அமைப்பின் கலைச்சொல் தொகுப்பும் எஸ்டரின் ஆல்கஹால் பங்கைத்தான் உதாரணம் காட்டுகிறது. மூலக்கூறின் சிறு துணுக்குக்கு இந்தச் சொல்லைப் பயன்படுத்தக் கூடாது என்றும் சொல்கிறது. ஆக, 'ஹைட்ராக்சில் மொயட்டி' என்று எழுதிய பக்கம்தான் தளர்வாக எழுதப்பட்டது. ஆராய்ச்சிக் கட்டுரைகளிலும் இப்படி எழுதுகிறவர்கள் ஏராளம். உங்கள் மகள் மோப்பம் பிடித்தது சரியான இடத்தில்.

'சரி, இதெல்லாம் சோறு போடுமா' என்று அவளுடைய பெரியப்பா கேட்டாராம். போடும். இந்த ஒரே சொல்லை வைத்தே காட்டுகிறேன்.

ரத்த அழுத்தத்துக்குச் சாப்பிடும் அம்லோடிபின் மாத்திரை அட்டையைத் திருப்பிப் பாருங்கள். அம்லோடிபின் பெசிலேட், அம்லோடிபின் 5 மி.கி.க்கு இணையானது என்ற பொருளில் ஒரு வரி இருக்கும். மாத்திரைக்குள் இருப்பது பெசிலேட் உப்பு, அதன் எடை ஏறக்குறைய 6.9 மி.கி. ரத்த அழுத்தத்தைக் குறைப்பது அதில் உள்ள அம்லோடிபின் மட்டும், அது 5 மி.கி. மருந்துச் சட்டத்தில் இந்த வேலை செய்யும் பங்குக்கு 'செயல்படு மொயட்டி' என்றே பெயர். அமெரிக்க விதிகள் அதை வரையறுக்கும்போது, எஸ்டராகவோ உப்பாகவோ ஆக்குவதற்காக ஒட்டவைத்த பகுதிகளையும் சகப்பிணைப்பு (எலக்ட்ரான்களைப் பகிரும் வலுவான பிணைப்பு) அல்லாத மற்ற ஒட்டுகளையும் கழித்துவிட்டு, மிஞ்சும் மூலக்கூறைத்தான் கணக்கில் எடுக்கச் சொல்கின்றன. இதுவரை அனுமதி பெறாத செயல்படு மொயட்டி என்றால், அந்த மருந்துக்கு அங்கே ஐந்து ஆண்டு தனியுரிமைக் காலம், அதாவது போட்டி நிறுவனங்களின் நகல் மருந்துகளுக்கு வழிவிடாத காலம், கிடைக்கும். பழைய மருந்துக்கு உப்பை மட்டும் மாற்றிக் கொண்டுவந்தால் அது கிடைக்காது.

லிஸ்டெக்சாம்ஃபெட்டமின் என்ற மருந்து வந்தபோது இந்த வரையறை அமெரிக்க நீதிமன்றம் வரை போனது. டெக்சாம்ஃபெட்டமின் என்ற பழைய மருந்தோடு லைசின் என்ற அமினோ அமிலத்தை இணைத்துச் செய்தது அது. உடலில் லைசின் கழன்று பழைய மருந்து வெளியே வரும். அப்படியானால் செயல்படு மொயட்டி பழையதுதானே என்று ஜெனரிக் (நகல்) மருந்து நிறுவனம் ஒன்று வாதாடியது. ஆனால் லைசின் ஒட்டியிருந்தது எஸ்டர் பிணைப்பால் அல்ல, நைட்ரஜன் வழியாக அமையும் அமைடு பிணைப்பால். வரையறையில் எஸ்டர் இருக்கிறது, உப்பு இருக்கிறது, அமைடு இல்லை. மருந்துகளுக்கு அனுமதி தரும் அமெரிக்க மருந்து நிர்வாகம் இதைப் புதிய மொயட்டி என்று ஏற்றது சரிதான் என்று 2010-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. எஸ்டரா அமைடா என்ற பள்ளிக்கூடக் கேள்விதான் ஐந்து ஆண்டு விற்பனை யாருக்கு என்பதைத் தீர்மானித்தது. அந்த வழக்கில் இரு பக்கமும் வேதியியல் தெரிந்து, சொல்லையும் நிறுத்துப் பார்க்கத் தெரிந்தவர்கள் வேலை செய்திருப்பார்கள். அவர்கள் யாரும் மருத்துவராக இருந்திருக்க வேண்டியதில்லை.

இந்தியாவிலும் இதே கதைதான். காப்புரிமைச் சட்டத்தின் 3(டி) பிரிவு, தெரிந்த பொருளின் உப்பு, எஸ்டர், ஈதர், மாற்றியம், படிக வடிவம் போன்றவற்றை, பலனில் குறிப்பிடத்தக்க வித்தியாசம் இல்லாவிட்டால், அதே பொருளாகவே கருதச் சொல்கிறது. 2013-ல் இமாட்டினிப் மெசிலேட் என்ற புற்றுநோய் மருந்தின் பீட்டா படிக வடிவத்துக்குக் காப்புரிமை இல்லை என்று உச்ச நீதிமன்றம் தீர்த்தது இந்தப் பிரிவை வைத்துத்தான். அந்தத் தீர்ப்பைப் புரிந்து படிக்கக் கரிம வேதியியல் தெரிய வேண்டும்.

பொறியியல், மருந்தாளுநர், செவிலியர், ஆசிரியர் படிப்புகளைப் பற்றி நான் சொல்லப்போவதில்லை. அவற்றைச் சொல்ல உங்கள் வீட்டில் ஆளுக்குப் பஞ்சமில்லை. நான் சொல்ல வருவது யாரும் வாயெடுக்காத ஒன்று: வேதியியல் காப்புரிமை ஆய்வு, அதையொட்டிய வேதித் தகவல் பணிகள்.

அந்த வேலை எப்படி இருக்கும் என்று சொல்கிறேன். 1924-ல் யூஜின் மார்குஷ் என்பவர் சாயப் பொருள்களுக்கு அமெரிக்கக் காப்புரிமை வாங்கினார். 'இன்னின்னவை அடங்கிய குழுவிலிருந்து தேர்ந்தெடுக்கப்பட்டது' என்று அவர் எழுதிய முறைக்கு இன்றும் மார்குஷ் உரிமைக்கோரல் என்றுதான் பெயர் (காப்புரிமையில் 'இதெல்லாம் என்னுடையது' என்று எல்லை வகுக்கும் வாக்கியம்தான் உரிமைக்கோரல்). ஒரு மூல அமைப்பை வரைந்து, அதில் ஆர்-1, ஆர்-2 என்று காலி இடங்கள் விட்டு, ஒவ்வொன்றிலும் என்னென்ன வரலாம் என்று பட்டியல் போடுவார்கள். நாலு இடம், இடத்துக்கு 20 வாய்ப்பு என்றாலே 1,60,000 சேர்மங்கள் ஆகிவிடும். நிஜக் காப்புரிமைகளில் எண்ணிக்கை இதைவிட எங்கோ போகும். ஒரு நிறுவனம் புதிதாக ஒரு மூலக்கூறு செய்கிறது, அது ஏற்கனவே யாரோ வளைத்துப்போட்ட வேலிக்குள் விழுகிறதா என்று பார்த்துச் சொல்வதுதான் ஆய்வாளரின் வேலை. 'அடங்கிய' என்பதற்கும் 'மட்டுமே அடங்கிய' என்பதற்கும் வித்தியாசம் தெரியாதவர் அங்கே ஒரு நாள்கூடத் தாக்குப்பிடிக்க மாட்டார். 'விருப்பத்துக்கேற்பப் பதிலியிடப்பட்ட ஆல்கைல்' என்ற ஒரு தொடருக்காக அரை நாள் உட்கார வேண்டி வரும். உங்கள் மகள் நாலு நாள் உட்கார்ந்தவள்.

காப்புரிமை மட்டுமல்ல. அமெரிக்க வேதியியல் சங்கத்தின் ஒரு பிரிவு 1907 முதல் உலக வேதியியல் கட்டுரைகளைச் சுருக்கித் தொகுத்துவருகிறது. 1965-லிருந்து ஒவ்வொரு சேர்மத்துக்கும் ஒரு பதிவெண் கொடுக்கிறது. சிஏஎஸ் எண் என்பார்கள். ஆஸ்பிரினுக்கு 50-78-2. கடைசி இலக்கம் சரிபார்ப்புக்காக. அதற்கு முந்தைய இலக்கங்களை வலமிருந்து எடுத்து 1, 2, 3, 4 என்று பெருக்கிக் கூட்டினால் 8, 14, 0, 20, மொத்தம் 42. கடைசியில் வரும் 2-தான் அந்தச் சரிபார்ப்பு இலக்கம். தட்டச்சில் ஓர் எண் பிசகினால் பெரும்பாலும் உடனே தெரிந்துவிடும். உங்கள் மகளிடம் இதைக் காட்டுங்கள், வீட்டில் இருக்கும் பாட்டில்களையெல்லாம் சோதிக்க ஆரம்பித்துவிடுவாள். இது போன்ற தரவுத்தளங்களில், அறிவியல் பதிப்பகங்களில், மருந்து நிறுவனங்களின் அனுமதி விண்ணப்பப் பிரிவுகளில், அரசுக் காப்புரிமை அலுவலகங்களில், சட்ட நிறுவனங்களில் இந்தத் திறமைக்கு இடம் உண்டு. மருந்துகளின் பொதுப்பெயரைக்கூட உலக சுகாதார நிறுவனம் விதி வைத்துத்தான் தேர்ந்தெடுக்கிறது. 'ஓலால்' என்று முடிந்தால் இதயத் துடிப்பைத் தணிக்கும் பீட்டா தடுப்பான், 'பிரில்' என்று முடிந்தால் ரத்த அழுத்தத்தைக் குறைக்கும் ஏசிஇ தடுப்பான்.

குறைகளையும் சொல்லிவிடுகிறேன். தொடக்கச் சம்பளம் உறவினர்களிடம் பெருமையாகச் சொல்லும்படி இருக்காது. நாள் முழுக்க வாசிப்பு. இளங்கலையோடு நிறுத்தினால் நல்ல வேலைகளின் வாசலோடு சரி. கரிம வேதியியலில் முதுகலை வேண்டும், உயர்ந்த இடங்களுக்கு முனைவர் பட்டமும் கேட்பார்கள். மூலக்கூறுக்குப் பெயர் வைப்பதை இப்போது மென்பொருளே செய்கிறது, அதனால் பெயர் மட்டும் தெரிந்தவருக்கு வேலை இல்லை. பெயர் எதை உள்ளே விடுகிறது, எதை வெளியே நிறுத்துகிறது என்று தீர்ப்புச் சொல்லத் தெரிந்தவருக்குத்தான் வேலை. இந்தியா, அமெரிக்கா உட்படப் பல நாடுகளில் காப்புரிமை முகவராக அறிவியல் பட்டமும் அதற்கான தனித் தேர்வும் இருந்தால் போதும், சட்டப் பட்டம் தேவையில்லை. இதையும் பெரியப்பாவிடம் சொல்லலாம், வக்கீல் அலுவலகத்தில் வேலை என்றால் கொஞ்சம் சமாதானமாவார்.

இனி பணம். மூன்றாவது முறைப் பயிற்சிக்குக் கடன் வாங்காதீர்கள். நான் இதில் வளைந்து கொடுக்க மாட்டேன். அவளாக 'எனக்கு மருத்துவம்தான் வேண்டும், இன்னொரு வருடம் கொடுங்கள்' என்று கேட்டிருந்தால் உட்கார்ந்து பேசலாம். உங்கள் கடிதம் முழுக்க அப்பா, பெரியப்பா, மாமா என்று எல்லோருடைய ஆசையும் இருக்கிறது. அவள் ஆசை என்ன என்று ஒரு வரிகூட இல்லை. உயிரியலில் மதிப்பெண் குறைந்துகொண்டே வருகிறது, வேதியியலில் ஏறிக்கொண்டே போகிறது என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அப்புறம் என்ன? நுழைவுத் தேர்வில் வராத இடத்தைப் பெரும் நன்கொடை கொடுத்து எங்காவது வாங்கலாம் என்ற யோசனையும் வேண்டாம். படிப்பு முடிவதற்குள் கடன் அவளைவிட வேகமாக வளரும், அதை அடைக்க வேண்டியவளும் அவளேதான்.

அதே கண்டிப்பு நான் சொன்ன வழிக்கும் பொருந்தும். 'காப்புரிமை நிபுணர் சான்றிதழ்', 'மருந்து ஒழுங்குமுறை டிப்ளமோ' என்று சில மாதப் படிப்புகளுக்குப் பெரிய தொகை கேட்கும் விளம்பரங்கள் வரும். முதுகலை முடியும்வரை அந்தப் பக்கமே போகாதீர்கள். வேதியியல் அடித்தளம் இல்லாத சான்றிதழை எவரும் மதிப்பதில்லை.

இது அவளுக்கு ஒத்துவருமா என்று பார்க்கச் செலவே இல்லாத ஒரு சோதனை இருக்கிறது. கூகுள் பேட்டன்ட்ஸில் ஏதாவது ஒரு மருந்தின் காப்புரிமையை எடுக்கட்டும். முதல் உரிமைக்கோரலை மட்டும் படித்து, அதில் அடங்கும் ஐந்து மூலக்கூறுகளையும், மயிரிழையில் அடங்காமல் போகும் இரண்டையும் தாளில் வரையட்டும். சந்தேகம் வந்தால் பப்கெம் என்ற இணைய வேதித் தரவுத்தளத்தில் தேடலாம், அது இலவசம். முதல் அரை மணி நேரம் யாருக்கும் தலை சுற்றும், அதைக் கணக்கில் எடுக்காதீர்கள். இரண்டு மணி நேரம் கழித்தும் அவள் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தால், இந்த யோசனையை விட்டுவிட்டு எனக்கு மறுபடி எழுதுங்கள். சாப்பிடக் கூப்பிட்டும் வரவில்லை என்றால் வேதியியல் இளங்கலைக்கு விண்ணப்பியுங்கள்.

கல்லூரியைத் தேர்ந்தெடுக்கும்போது கட்டடத்தையும் பெயரையும் பார்க்காதீர்கள். கரிம வேதியியல் ஆய்வகம் வாரத்துக்கு எத்தனை மணி நேரம், மாணவர்கள் தாங்களே வினை நடத்துகிறார்களா அல்லது செய்துகாட்டுவதைப் பார்த்துவிட்டு வருகிறார்களா, நிறமாலைக் கருவிகளைத் தொட விடுவார்களா, நூலகத்தில் ஆய்விதழ்கள் கிடைக்குமா என்று கேளுங்கள். கையால் வினை நடத்திப் பார்க்காதவர் காப்புரிமையை வெறும் தமிழ், ஆங்கில வாக்கியமாகத்தான் படிப்பார். இந்தக் கேள்விகளை அவளே கேட்கட்டும், நீங்கள் கூட நின்றால் போதும். பதில் மழுப்பலாக வந்தால் அடுத்த கல்லூரிக்குப் போங்கள்.