பூபெல்லாவுக்கு எதற்குப் பரிதாபம்?

அன்புள்ள சார்,

'சினிமா பாரடைஸோ' என்ற இத்தாலியப் படத்தை மறுபடி பார்த்தேன். இரண்டு மணி நேரத்தில் ஒன்று, ஏறக்குறைய மூன்று மணி நேரத்தில் ஒன்று என இரண்டு வடிவங்கள் இருக்கின்றனவே, எதைப் பார்ப்பது சரி? இன்னொன்று. அதில் வயதான அம்மாவாக வரும் பூபெல்லா மஜ்ஜோவை மறக்க முடியவில்லை. இவ்வளவு திறமை இருந்தும் அம்மா வேஷத்திலேயே வீணாகிப்போனாரே என்று பரிதாபமாக இருந்தது.

எஸ்.

அன்புள்ள எஸ்.,

சின்னதையே பாருங்கள். அந்தக் கேள்வி அதோடு முடிந்தது.

கொஞ்ச நாளாக எனக்கும் அந்த அம்மாள் நினைப்புதான். முப்பது வருடம் கழித்து மகன் வந்து மணி அடிக்கிறான். பின்னிக்கொண்டிருந்த அம்மா எழுந்து போகிறாள். நூல் எங்கோ மாட்டிக்கொண்டு, பின்னியதெல்லாம் சரசரவென்று அவிழ்கிறது. கேமரா அவள் பின்னால் போகவில்லை, பின்னலிலேயே நிற்கிறது. அவிழ்கிற வேகத்தில் அந்தக் கிழவியின் கால்கள் தெரிகின்றன. இதைக் கவனித்ததற்காகவே உங்களைப் பிடித்திருக்கிறது.

ஆனால் 'வீணாகிப்போனார்' என்றீர்களே, யார் சொன்னது உங்களுக்கு? நீங்கள் பார்த்த பத்து நிமிடத்தை வைத்து ஒரு ஆயுளுக்குக் கணக்கு எழுதலாமா?

நேப்பிள்ஸில் 1910இல் பிறந்தவர். நாடகக் குடும்பம். இரண்டு வயதில் பொம்மை வேஷம். மேடையில் ஓடிவிடாமலிருக்கப் பெட்டிக்குள் கட்டி வைத்தார்களாம். இயற்பெயர் ஜுஸ்தினா. பொம்மை என்று பொருள்படும் பூபெல்லா என்ற பெயர் அப்படி ஒட்டிக்கொண்டதுதான். நடுவில் அலுத்துப்போய் மேடையை விட்டார். தொப்பி தைத்தார், தெர்னி ஊர் இரும்பாலையில் வேலை பார்த்தார். 1954இல் நேப்பிள்ஸ் நாடகாசிரியர் எடுவார்டோ டி ஃபிலிப்போவின் குழுவில் சேரும்போது வயது 44. நம் ஊர்க் கணக்கில் ஓய்வுக்குத் தயாராகும் நடிகை!

1959இல் எடுவார்டோ அவருக்காகவே ஒரு நாடகம் எழுதினார்: 'சனி, ஞாயிறு, திங்கள்'. அதில் அவர்தான் ரோசா, அவர்தான் கதாநாயகி. திரை விலகும்போது சனிக்கிழமை இரவு. சமையலறையில் மறுநாள் விருந்துக்கான ராகு, அதாவது இறைச்சிக் குழம்பு, தயாராகிறது. வேலைக்காரப் பெண் வெங்காயம் நறுக்கிக் கண்ணீர் விடுகிறாள். ரோசாவுக்கு உள்ளே வேறு எரிச்சல். மருமகள் செய்த மக்ரோனியைப் புருஷன் வாயாரப் புகழ்ந்துவிட்டான், மாதக்கணக்கில் அதை மனதில் போட்டுப் புழுங்குகிறாள். புருஷனுக்கோ பக்கத்து வீட்டுக்காரன் மேல் சந்தேகம். ஞாயிறு மதியம் எல்லார் முன்னிலும் வெடிக்கிறது, திங்களன்று சமாதானம். அவ்வளவுதான் கதை. மூன்று அங்கத்தையும் தாங்குவது ஒரு அம்மா, ஒரு குழம்பு.

'அம்மா வேஷம்' என்று நீங்கள் உதட்டைப் பிதுக்குவது இதைத்தான். காதலிப்பவள் மட்டும்தான் நாயகி என்று உங்களுக்குச் சொல்லிக்கொடுத்தது சினிமா. நாற்பது வருடம் ஒருவனுக்குச் சோறு போட்டவளின் கோபத்தை நடிப்பதற்கு எவ்வளவு தெரிந்திருக்க வேண்டும்! இருபது வயதுக்காரியால் அது ஆகாது, எத்தனை அழகியாக இருந்தாலும்.

சினிமாவுக்குக் கிடைத்தது மேடையில் மிஞ்சியதுதான். 'அமர்கோர்ட்' படத்தில் இயக்குநர் ஃபெலினி அவரை வடக்கே ரிமினி ஊர்க்கார அம்மாவாக்கினார், குரல்கூட அவருடையது இல்லை. இத்தாலியில் டப்பிங் சகஜம், சரி. ஆனாலும் நேப்பிள்ஸ் பேச்சிலேயே வளர்ந்த ஒருத்தியின் நாக்கை எடுத்துவிட்டு முகத்தை மட்டும் வைத்துக்கொண்டால் எப்படி?

எடுவார்டோவின் கிறிஸ்துமஸ் நாடகத்தை இத்தாலியத் தொலைக்காட்சி 1977இல் ஒளிபரப்பியது. அதைத் தேடிப் பாருங்கள். மொழி புரியாது, பரவாயில்லை, எனக்கும் புரியாது. குளிர்காலக் காலை. சால்வையைச் சுற்றிக்கொண்டு காபியோடு வந்து புருஷனை எழுப்புகிறார் பூபெல்லா. அவன் போர்வையை விட்டு வெளியே வரமாட்டேன் என்கிறான். திரும்பத் திரும்பப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார், ஒவ்வொரு முறையும் கொஞ்சம் பொறுமை குறைகிறது. கடைசியில் எழுந்து ஒரு வாய் குடித்துவிட்டு, காபியில் கரப்பான் நாற்றம் என்கிறான். அப்போது அவர் முகத்தைப் பாருங்கள். பார்த்துவிட்டு எழுதுங்கள்.