பாரம்பரியமும் நவீன வாழ்க்கையும் நம் வீடுகளில் எப்படிக் கலந்திருக்கின்றன?

இந்தக் கேள்விக்குப் பலரும் கோலம், பட்டுப்புடவை, பண்டிகை என்று எழுதுவார்கள். எனக்கு உடனே நினைவுக்கு வருவது கிரைண்டர்தான்.

நாம் பாரம்பரியக் காலை உணவு என்று சொல்கிற இட்லியும் தோசையும் எல்லா வீடுகளிலும் அன்றாட உணவாகி ரொம்பக் காலம் ஆகவில்லை. என் பாட்டி வளர்ந்த ஊரில் தீபாவளிக்கும் பொங்கலுக்கும்தான் இட்லி, மற்ற நாட்களில் கம்மங்கூழோ பழைய சோறோ. நெல் அரிசியும் உளுந்தும் வாங்கக் காசு வேண்டும், அது ஒரு காரணம். ஆட்டுக்கல் இன்னொரு காரணம். தரையில் உட்கார்ந்து வலது கையால் குழவியைச் சுற்றிக்கொண்டே இடது கையால் மாவைத் தள்ளிவிட வேண்டும். கூட்டுக் குடும்பத்துக்கு ஆட்டி முடிப்பதற்குள் தோள்பட்டை விட்டுப் போய்விடும். தினமும் யாரால் முடியும்?

1955-ல் கோயம்புத்தூரில் பி. சபாபதி என்பவர் மின்சாரக் கிரைண்டர் தயாரிக்கத் தொடங்கினார். அதில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம், கையின் வேலையை மோட்டாருக்குக் கொடுத்துவிட்டுக் கல்லை அப்படியே வைத்துக்கொண்டதுதான். ஆட்டுக்கல்லில் உரல் அசையாது, குழவி சுற்றும். கிரைண்டரில் உரல் சுற்றும், குழவி நின்ற இடத்திலேயே உருளும். மற்றபடி அதே கருங்கல், அதே நிதானம். மிக்ஸியின் பிளேடு வேகமாகச் சுற்றுவதால் மாவு சூடாகிவிடும். கல்லில் அரைபடும் உளுந்து சூடேறாமல், தண்ணீர் தெளிக்கத் தெளிக்கக் காற்றை வாங்கிப் பொங்கி வரும். ஒரு சொட்டு மாவைக் கிண்ணத்துத் தண்ணீரில் விட்டுப் பாருங்கள். மிதந்தால் பதம் சரி. இந்தச் சோதனை ஆட்டுக்கல் காலத்துப் பெண்களிடமிருந்து நமக்கு வந்தது.

அப்புறம் ஃபிரிட்ஜ் வந்தது. புளித்த மாவை உள்ளே வைத்தால் நாலைந்து நாளுக்குத் தாங்கும். 2011-ல் தமிழக அரசு விலையில்லா மிக்ஸி, கிரைண்டர், மின்விசிறி கொடுக்கத் தொடங்கிய பிறகு, கிரைண்டர் வாங்க முடியாத வீடுகளுக்கும் அது போய்ச் சேர்ந்தது. இலவசம் என்று அந்தத் திட்டத்தை இளக்காரமாகப் பேசுபவர்களிடம் எனக்கு ஒரு கேள்வி உண்டு: உங்கள் வீட்டில் யாராவது வாரம் முழுக்கக் கையால் மாவு ஆட்டியதைப் பார்த்திருக்கிறீர்களா?

அமெரிக்காவில் இருக்கும் தமிழர்கள் அங்குள்ள 110 வோல்ட் மின்சாரத்துக்கு ஏற்ற கிரைண்டரைத் தேடி வாங்குகிறார்கள். குளிர்காலத்தில் மாவு புளிக்காவிட்டால், ஓவனுக்குள் விளக்கை மட்டும் எரியவிட்டு அந்தச் சூட்டில் வைக்கிறார்கள். அம்மியின் கதை வேறு. சமையலறையை விட்டு அது போய்விட்டது, ஆனால் மணப்பெண் அம்மி மிதிக்க வேண்டுமே என்று கல்யாண மண்டபங்களில் இன்றும் ஒன்றை வைத்திருக்கிறார்கள். சடங்குக்காக மட்டும் மிஞ்சுவதைவிட, ஆட்டுக்கல்லைப் போல உருமாறிப் புழக்கத்தில் இருப்பதே உயிரோட்டமான கலப்பு என்று நான் நினைக்கிறேன்.

இதில் ஒன்று மட்டும் இன்னும் கலக்கவில்லை. கல்லை மின்சாரம் சுற்ற ஆரம்பித்த பிறகும், மாவு ஆட்டுவது பல வீடுகளில் பெண்களின் வேலையாகவே இருக்கிறது. ஊறப்போடுவது, அள்ளுவது, உப்புப் போட்டுக் கையால் கரைப்பது, கனமான குழவியைத் தூக்கிக் கழுவுவது எல்லாம் அவர்கள் தலையில்தான். எங்கள் வீட்டில் சனிக்கிழமை மாவு வேலை முழுவதும் நானும் தம்பியும் பார்த்துக்கொள்கிறோம். அம்மா உப்பு மட்டும் சரிபார்ப்பார்.