கொழகொழ, கொழுகொழு

அன்புள்ள ஐயா,

திருமங்கலத்திலிருந்து எழுதுகிறேன். உங்கள் தளத்தை அடுப்பில் பாலை வைத்துவிட்டுக் கைபேசியில் வாசிப்பது வழக்கம். இரண்டு தடவை பால் பொங்கியும் இருக்கிறது.

என் மகள் ஐந்தாம் வகுப்பு. ‘எனக்குப் பிடித்த பொருள்’ என்று பத்து வரி எழுதி வரச் சொல்லியிருந்தார்கள். திருவிழாக் கடையில் வாங்கிய பூனைக்குட்டி பொம்மையைப் பற்றி எழுதினாள். பிள்ளைகள் அதை ‘ஸ்குவிஷி’ என்கிறார்கள். அழுத்தினால் அமுங்கும், கையில் ஒட்டும், மேசையில் வைத்து ஒரு தட்டு தட்டினால் கொஞ்ச நேரம் அதுவாகவே ஆடிக்கொண்டிருக்கும். ‘என்னிடம் ஒரு கொழகொழ பொம்மை இருக்கிறது’ என்று ஆரம்பித்திருந்தாள். டீச்சர் சிவப்பு மையில் வட்டம் போட்டு, ‘பேச்சு வழக்கு. மென்மையான என்று எழுதுக’ என்று அரை மதிப்பெண் குறைத்துவிட்டார். ‘மென்மைன்னா பூவு மாதிரில்லம்மா இருக்கும்?’ என்று கேட்டு அழுதாள். எனக்குப் பதில் தெரியவில்லை.

வீட்டுக்காரர், ‘ஜெல்லி மாதிரின்னு எழுதிட்டுப் போ’ என்கிறார். மாமியார், அது கொழகொழ இல்லை, கொளகொள என்கிறார். கொழகொழ என்று எழுதக் கூடாதா? ழகரமா ளகரமா? இதற்குச் சரியான சொல் எது? என் பெயரைப் போட வேண்டாம். டீச்சரும் உங்கள் வாசகியாக இருக்கலாம்.

*

அன்புள்ள சகோதரிக்கு,

அரை மதிப்பெண் விஷயத்தில் நான் உங்கள் மகள் கட்சி. பூவும் மென்மை, கன்றுக்குட்டியின் காதும் மென்மை, நல்லவர்களின் பேச்சும் மென்மை. அந்தச் சொல்லை வைத்துக்கொண்டு திருவிழாக் கடையில் இந்தப் பொம்மையைத் தேடினால் கிடைக்காது. உங்கள் மகள் விரலால் தொட்டுப் பார்த்து எழுதியிருக்கிறாள். சிவப்பு மை விரலைத் திருத்தப் பார்க்கிறது.

விரலுக்கென்று தமிழில் தனி அகராதியே உண்டு. என் அப்பத்தாவிடம் அது இருந்தது. பங்குனி பிறந்தால் அழகர்கோவில் ரோட்டோரம் பனையோலை நிழலில் நுங்கு குவித்துவிடுவார்கள். சீவிக் கொடுத்த நுங்கை மடியில் வைத்துக்கொண்டு அப்பத்தா சொல்லும்: ‘மொதல்ல பெருவெரல விட்டுப் பாரு. தளுக்குன்னு தண்ணி ஏறுனா எளசு. வழுக்குனா பதம். வெரல் போகாம நின்னுருச்சுன்னா அது கடுக்கா, ஆட்டுக்குப் போடு.’ ஒரு காயில் மூன்று கண். ஒரே நாளில் வெட்டிய குலையிலேயே சில காய் தண்ணியாகவும் சில காய் கடுக்காயாகவும் இருக்கும். கண்ணால் பார்த்து நிச்சயமாகச் சொல்ல முடியாது. இளநீரிலும் இதே கணக்குதான்: தண்ணிக்காய், வழுக்கை, தேங்காய். அந்த வழுக்கையேதான் தலைக்கும் வந்தது. என் தலையைத் தடவிப் பார்த்தால் பொருத்தம் தெரியும்.

அப்பத்தா சொன்ன ‘பதம்’ என்ற சொல்லைக் கவனியுங்கள். பாகுக்குக் கம்பிப் பதம், உருட்டுப் பதம் என்கிறோம். சொல்லுக்கும் பதம் என்றுதான் பெயர். சமையலில் ஒரு நிமிஷம் தப்பினால் பதம் மாறிவிடுவது போல இந்த இரட்டைச் சொற்களிலும் ஓர் எழுத்து தப்பினால் பதம் மாறிவிடும்.

‘பிள்ளை கொழுகொழுன்னு இருக்கான்’ என்று சொல்லிப் பாருங்கள், தாய்க்கு வாயெல்லாம் பல்லாகும். உடனே சுத்திப் போடவும் ஓடுவாள். ‘கொழகொழன்னு இருக்கான்’ என்று சொல்லிவிட்டு அந்தத் தெருவில் திரும்ப நடக்க முடியாது. நடுவில் மாறியது ஓர் உகரம்தான். கொழுகொழுவில் கொழுப்பு இருக்கிறது, செழிப்பு இருக்கிறது. ஈ தன் பெயரை மறந்துபோய்க் கன்றுக்குட்டியிடம் கேட்கிற பாட்டிக் கதையில் ‘கொழுகொழு கன்னே’ என்றுதான் கூப்பிடும். காரியம் ஆக வேண்டியவன் யாரையும் கொழகொழ என்று கூப்பிட மாட்டான். அப்படியே வழுவழு, வழவழ இரண்டையும் பக்கத்தில் வையுங்கள். கல்யாணப் பத்திரிகையின் தாள் வழுவழு, வெண்டைக்காய் வழவழ. தாளையும் வழவழப்பு என்று எழுதுகிறவர்கள் உண்டு, அது தப்பில்லை. ஆனால் வெண்டைக்காயை வழுவழு என்று நான் யார் வாயிலும் கேட்டதில்லை. இதைப் பார்த்துவிட்டு ‘உகரம் வந்தால் புகழ்ச்சி, அகரம் வந்தால் குறை’ என்று விதி எழுதலாமா என்று எனக்கும் ஆசை வந்தது. பிசுபிசு வந்து கெடுத்துவிட்டது. அதிலும் உகரம்தான், ஆனால் மே மாத மதுரையில் சட்டைக்குள் பிசுபிசுக்கிற முதுகை யார் புகழ்வார்கள்?

சோற்றைப் பற்றியும் சொல்ல வேண்டும். புது அரிசியில் வடித்தால் குழைந்துவிடும், பழைய அரிசி பொலபொலவென்று நிற்கும். வடித்த சோறு குழைந்தால் ‘என்னடி கொழகொழன்னு வச்சிருக்க’ என்று ஏச்சு. அதே அரிசி, அதே தண்ணீர், கூடக் கொஞ்சம் பாசிப்பருப்பு, அது வெண்பொங்கல் என்றால் குழையாவிட்டால் ஏச்சு. அரிசிக்குள் நடப்பது ஒன்றுதான்: மாவுச்சத்து தண்ணீரைக் குடித்து உப்பி, கரை உடைந்து வெளியே வருகிறது. பெயர் மட்டும் ஓர் இடத்தில் கொழகொழ, இன்னோர் இடத்தில் குழைவு. அதனால் ‘கொழகொழ என்றால் என்ன’ என்று கேட்கிறவரிடம் ‘எந்தப் பாத்திரத்தில்’ என்று திருப்பிக் கேட்க வேண்டியிருக்கிறது.

குழைதல் இன்னும் எங்கெங்கோ போயிருக்கிறது. சந்தனத்தைக் குழைக்கிறோம், கொத்தனார் சாந்து குழைக்கிறார், நாய் வாலைக் குழைக்கிறது, கடன் கேட்க வந்தவர் குழைந்து குழைந்து பேசுகிறார். மோந்தால் வாடுகிற அனிச்சப்பூவுக்கும், முகம் திரிந்து பார்த்தால் வாடுகிற விருந்தாளிக்கும் திருவள்ளுவர் போட்டதும் இதே வினைதான். தொண்ணூறாம் குறளில் ‘குழையும்’ என்று இரண்டு தடவை வருகிறது. குக்கர் சாதத்தையும் குறளையும் ஒரே சொல் தொட்டுக்கொண்டிருக்கும்போது எதைப் பேச்சு வழக்கு என்று ஒதுக்குவது?

இலக்கணத்திலும் உங்கள் மகளுக்கு இடம் இருக்கிறது. கொழகொழ இரட்டைக்கிளவி. பிரித்தால் பொருள் தராது. இரட்டைக்கிளவி ‘இரட்டிற் பிரிந்து இசையா’ என்று தொல்காப்பியம் சொல்கிறது. உரிச்சொல்லைப் பற்றி எழுதும்போது இசை (காதுக்குக் கேட்கிற ஓசை), குறிப்பு (மனசுக்குத் தெரிவது), பண்பு (பொருளின் தன்மை) என்று மூன்றையும் சேர்த்தே எண்ணுகிறது. பாடப் புத்தகங்களில் சலசல, மடமட, கலகல எல்லாம் மரியாதையாக உட்கார்ந்திருக்கின்றன. அவை காதுக்குக் கேட்கிற சொற்கள். ஓடையோடும் கொலுசோடும் சேர்ந்து கவிதைக்குள் போய்விட்டன. விரலுக்குத் தெரிகிற கொழகொழ, நொளநொள, தொளதொள, சதசத எல்லாம் அடுப்படியிலும் மாட்டுக்கொட்டத்திலும் வேலை பார்த்துக்கொண்டே இருந்துவிட்டன. அவற்றை எழுத்தில் ஏற்றுவதற்கு இலக்கணம் தடை போடவில்லை. எழுதியவர்கள் அடுப்படிப் பக்கம் போகாததுதான் காரணம் என்பது என் எண்ணம்.

பெயருக்கு முன்னால் போடும்போது ‘கொழகொழப்பான பொம்மை’ என்றோ ‘கொழகொழவென்று இருக்கும் பொம்மை’ என்றோ எழுதினால் எழுத்து நடை. ‘கொழகொழ பொம்மை’ என்று வெறுமனே ஒட்டவைப்பது பேச்சில் வரும். இந்த ஒரு இடத்தில் டீச்சர் சொன்னதில் நியாயம் இருக்கிறது. ‘கொழகொழப்பான’ என்று திருத்தியிருந்தால் நானும் தலையாட்டியிருப்பேன்.

மாமியாரின் ளகரத்துக்கு வருகிறேன். நம் பக்கம் வாழைப்பழமே வாளப்பளம்தான். அந்த நாக்கில் கொழகொழவும் கொளகொளவும் ஒன்றாகத்தான் விழும். மாட்டுத்தாவணி காய்கறி மார்க்கெட்டில் அடிக்கூடைத் தக்காளியை எடுத்துக் காட்டி, ‘கொளகொளன்னு போச்சுண்ணே, வேணாம், மேல எடுத்துக்கங்க’ என்று ஓர் அம்மாள் என்னிடம் சொன்னார். தோல் அப்படியே இருந்தது, உள்ளே பிடிப்பு விட்டுப்போயிருந்தது. அந்தத் தளர்ச்சிக்கு ளகரம் பொருந்தத்தான் செய்கிறது. தளர், தளதள, தொளதொள எல்லாவற்றிலும் அது இருக்கிறதே. ஆனால் ஒட்டலும் வழுக்கலும் உள்ள பொருளுக்கு, வழவழவோடு ஜோடி சேர்வதற்கு, நான் கொழகொழ என்றே எழுதுவேன். மாமியாரிடம் இதைச் சொல்ல வேண்டாம். அவர் சொன்னதும் சரி என்று சொல்லிவிடுங்கள்.

இப்போது வீட்டுக்காரரின் ஜெல்லி. விளக்குத்தூண் பக்கம் போகும்போது அவரை ஒரு ஜிகர்தண்டா வாங்கி, ஸ்பூனை அடிவரைக்கும் விட்டு, பாலையும் ஐஸ்கிரீமையும் ஒதுக்கிவிட்டு, அடியில் கிடப்பதை மட்டும் எடுத்து நாக்குக்கும் மேலண்ணத்துக்கும் நடுவில் வைத்து அழுத்தச் சொல்லுங்கள். சில கடையில் அது கடல்பாசி, சில கடையில் பாதாம் பிசின். கடல்பாசி என்றால் முதலில் ஓர் எதிர்ப்பு, பிறகு ‘நறுக்’கென்று துண்டாக உடையும். உடைந்த துண்டுக்கும் முனை இருக்கும். கரையாது. அது கொதிக்கிற தண்ணீரில் கரைந்து, சூடு நாற்பது டிகிரிக்குக் கீழே இறங்கும்போது உறைவது. ஒரு முறை உறைந்துவிட்டால் மறுபடி உருக எண்பத்தைந்து டிகிரி பக்கம் சூடு வேண்டும். மதுரை வெயில் எவ்வளவு அடித்தாலும் அந்தக் கண்ணாடி டம்ளருக்குள் அதை ஒன்றும் செய்ய முடியாது. பிசின் வேறு ஜாதி. ராத்திரி முழுக்க ஊறி, பல மடங்கு உப்பி, கரையவும் கரையாமல் கெட்டியாகவும் ஆகாமல் நிற்கும். அழுத்தினால் உடையாது, நழுவி நாக்கின் பக்கவாட்டில் போய் உட்காரும். விருந்துச் சாப்பாட்டில் கப்பில் கொடுக்கிற ஜெலட்டின் ஜெல்லி மூன்றாவது ரகம். வாய்ச் சூட்டிலேயே உருகிவிடும். இந்த மூன்றையும் ‘ஜெல்லி மாதிரி’ என்றுதான் அவர் சொல்வார். மூன்றில் பிசினை மட்டும்தான் என் அப்பத்தா கொழகொழ என்றிருக்கும்.

ஒன்று பாக்கி இருக்கிறது. தட்டினால் தானாக ஆடுவது. கொழகொழவில் ஒட்டல் இருக்கிறது, அமுங்கல் இருக்கிறது, ஆட்டம் இல்லை. ஆட்டத்தைத் தமிழ் பெரும்பாலும் வினைச்சொல்லிடம் விட்டுவிடுகிறது. தளும்பும், குலுங்கும், அசையும். தண்ணீர்க் குடம் தளும்புகிறது, தொந்தி குலுங்குகிறது, ஓட்டலில் ஆம்லெட் கல்லிலிருந்து வழித்துப் போட்ட கலக்கி இலையில் தளதளவென்று நடுங்கிக்கொண்டு வருகிறது. இந்தத் தளதள கீரைக்கட்டுக்கும் ஆகும், கொதிக்கிற உலைக்கும் ஆகும். தளதளவைக் கொஞ்சம் அசைத்தால் தழுதழு. மகளை வழியனுப்பும் தகப்பனின் குரல் தழுதழுக்கிறது. உறுதியாக நிற்க முடியாமல் ஆடுகிற எதுவோ தொண்டைக்குள்ளும் இருக்கிறது என்று யாரோ கண்டுபிடித்து அந்தச் சொல்லைப் போட்டிருக்கிறார்கள்.

கொழகொழவுக்குக் கெட்ட பெயர் வந்தது பேச்சால்தான். விளக்கெண்ணெயில் போட்ட வெண்டைக்காய் மாதிரி வழவழா கொழகொழா என்று பதில் சொல்கிறவர்களை நமக்கெல்லாம் தெரியும். வெண்டைக்காய்க்காவது மருந்து உண்டு. கொஞ்சம் புளித்தண்ணீரோ தயிரோ விட்டு வதக்கினால் வழவழப்பு விட்டுவிடும். டீச்சரின் காதில் அந்தப் பேச்சு ஒலித்திருக்கலாம், அதனால் பிள்ளையின் பொம்மைக்கு வேண்டாம் என்று நினைத்திருக்கலாம். அவர் வாசித்தால், அந்த வட்டத்தை மட்டும் இன்னொரு தடவை பார்க்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.

மகளை நோட்டில் இப்படி எழுதச் சொல்லுங்கள்: ‘என்னிடம் கொழகொழப்பான ஒரு பூனைக்குட்டி பொம்மை இருக்கிறது. தட்டினால் தளும்பும்.’ ஒட்டுகிற பொம்மை என்பதால் சீக்கிரம் தூசி பிடித்து ஒட்டாமல் போகும், அவள் மறுபடி அழுவாள். சோப்புத் தண்ணீரில் கழுவி நிழலில் காயவையுங்கள், திரும்ப ஒட்டும்.