விதானையார் கடிதம் காணி உறுதி ஆகுமா?

யாழ்ப்பாணத்துக் கோப்பாயில் உள்ள உங்கள் காணிக்குள் பக்கத்துக்காரர் வேலிக் கதியால் நட்டு, விதானையாரிடம் (கிராம அலுவலரிடம்) வதிவிடக் கடிதமும் எடுத்துவிட்டார், காணி போய்விட்டதா என்று கேட்கிறீர்கள். போகவில்லை. அந்தக் கடிதம் குடியிருப்பைக் காட்டும், உரித்தை, அதாவது சொத்துரிமையை, தராது. பிரதேச செயலாளர் அனுமதிப்பத்திரம் கொடுப்பதும் அரச காணிக்குத்தான். உறுதி (உரிமைப் பத்திரம்) உள்ள தனியார் காணி யாருடையது என்று தீர்ப்பது மாவட்ட நீதிமன்றம்.

ஆனால் தயவுசெய்து நாளைக் கடத்தாதீர்கள். பலவந்தமாக ஆட்சியைப் பறித்திருந்தால், 2 மாதத்துக்குள் ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் (1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்கம்) 66ஆம் பிரிவின்கீழ் விடயம் நீதிமன்றத்துக்குப் போகவேண்டும். அப்போது ஆட்சியைத் திருப்பித் தரக் கட்டளையிடலாம். அது உரித்தைத் தீர்க்காது, அமைதி குலையாமல் காப்பதற்கான வழி. பக்கத்துக்காரர் 10 வருடம் தடையில்லாமல் எதிராட்சி செய்தால், அதாவது உங்கள் உரித்துக்கு எதிராகத் தன் காணிபோல ஆண்டால், உறுதி உங்கள் பெட்டிக்குள் இருந்தாலும் அவர் உரித்துக் கோரலாம். உங்கள் அம்மம்மாவின் உறுதியில் ‘கிழக்கு ஒழுங்கை’ என்றிருக்கும் எல்லையை நிலஅளவையாளரைக் கொண்டு இப்போதே அளந்து வையுங்கள்.